ஒலுவிலில் ஒரு பகல்: 800 ரூபாவும் 5 வீதமும்

இலங்கையின் கிழக்குக் கரையில், அம்பாறை மாவட்டத்தில் இருக்கிறது ஒலுவில். அந்த ஊர்ச் சந்தியில் ஆட்டோக்காரர் கேட்ட 800 ரூபாவை நினைத்தால் இப்போதும் வயிறு எரிகிறது. துறைமுகத்துக்கு நடந்தே போகலாம்; உச்சி வெயில்தான் மிரட்டியது. "காக்கா, நான் மட்டக்களப்பு ஆள்தான், பார்த்துச் சொல்லுங்கள்" என்றேன். "பெட்ரோல் விற்கிற விலை தெரியும்தானே, மகன்" என்று 600க்கு இறங்கினார். ஒரு நாள் செலவுக்கு நான் ஒதுக்கியதே 2,500 ரூபா. நீங்கள் போனால் ஏறுவதற்கு முன்பே விலையைப் பேசிவிடுங்கள்.

நான் போனது கடல் பார்க்க அல்ல. எம்.எச்.எம். அஷ்ரப் என்ற சட்டத்தரணி தன் மண்ணில் எதை விட்டுப் போனார் என்று கண்ணால் பார்க்கவேண்டும் என்ற ஆசை பல வருடமாக இருந்தது. 1977 தேர்தலில் தமிழர் விடுதலைக் கூட்டணியோடு நின்ற இளைஞர் அவர் என்று அப்பா அடிக்கடி சொல்வார்.

பஸ் பயணத்தில் சொல்ல அதிகம் இல்லை. காத்தான்குடியில் வீதி நடுவே நிற்கும் பேரீச்சை மரங்களைக் கடந்தபோது மட்டும் நிமிர்ந்து உட்கார்ந்தேன். அஷ்ரப்பின் கட்சியான முஸ்லிம் காங்கிரஸ் 1981இல் பிறந்தது அந்த ஊரில்தான்.

அவருடைய வாழ்க்கையில் என்னை மிகவும் கவர்ந்தது 1988இல் நடந்த ஒரு பேரம். ஒரு மாவட்டத்தில் 12.5 வீத வாக்குப் பெறாத கட்சிக்கு அங்கே ஆசனமே இல்லை என்பது அன்றைய சட்டம். சிதறி வாழும் மக்களின் கட்சிக்கு அது மூடிய கதவு. ஜனாதிபதித் தேர்தலுக்கு முன், அதில் வேட்பாளராக நின்ற பிரேமதாசவிடம் பேசி அந்த வெட்டுப்புள்ளியை 5 வீதமாகக் குறைக்கவைத்தார் அஷ்ரப். அந்த ஓர் எண்ணால் நாடு முழுவதும் எத்தனை சிறிய கட்சிகள் பாராளுமன்றம் போயின! வழக்கறிஞன் மூளை என்றால் அதுதான் என்பேன். மறுவருடம் அவரும் அம்பாறை மாவட்டத்திலிருந்து பாராளுமன்றம் போனார். 1994இல் துறைமுக அமைச்சரானார்.

துறைமுகம் மனதை உடைத்தது. அவர் கண்ட கனவு அது. திறந்தது 2013இல், அவர் இறந்து பல வருடங்களுக்குப் பிறகு. வாயிலை மணல் அடைத்துக்கொள்கிறது. வடக்கே கடல் கரையைத் தின்றிருக்கிறது: ஒரு தென்னை வேர்கள் எல்லாம் வெளியே தெரிய, தலை தண்ணீரில் கிடந்தது. வேரின் இடுக்கில் யாரோ கட்டிய நைலோன் கயிறு இன்னும் இறுகியே இருந்தது. அந்த நிலத்துக்காரர் இப்போது எங்கே இருக்கிறாரோ.

பசி வந்துவிட்டது. சந்திக்குப் பக்கத்தில் தகரக்கூரைச் சாப்பாட்டுக் கடை. சோறு, புளி தூக்கலாக மீன் ஆணம், முருங்கையிலைச் சுண்டல், கையால் உடைத்தால் நொறுங்கும் கீரிமீன் பொரியல். "இன்னும் கொஞ்சம் ஆணம் ஊற்றட்டுமா, மகன்?" என்று கேட்டுக் கேட்டே மூன்று தரம் ஊற்றினார் கடைக்காரர். 450 ரூபா! பிறகு சட்டித் தயிரும் பாணியும். ஆட்டோவில் போன காசுக்கு இங்கே இன்னொரு சாப்பாடும் சாப்பிட்டிருக்கலாம்.

தென்கிழக்குப் பல்கலைக்கழகம் அங்கிருந்து கிட்டத்தான். 1995இல் பல்கலைக்கழகக் கல்லூரியாகத் தொடங்கி, அடுத்த வருடமே பல்கலைக்கழகமானது. அஷ்ரப் விடாமல் நின்று வாங்கிய காரியம். வாசலில் தமிழும் சிங்களமும் கலந்து கேட்டன. பிள்ளைகள் கோப்புகளை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு பஸ்ஸுக்கு ஓடினார்கள். துறைமுகத்தில் கனத்துப்போயிருந்த மனம் இங்கே லேசானது.

2000 செப்டெம்பர் 16, பொதுத் தேர்தல் நெருங்கிய நேரம். கொழும்பிலிருந்து கிழக்குக்கு அஷ்ரப் வந்துகொண்டிருந்த ஹெலிகொப்டர் அரநாயக்க மலையில் விழுந்தது. அவருக்கு அப்போது 51 வயது.

அவர் பிறந்த சம்மாந்துறைக்குப் போக நேரம் போதவில்லை. காரைதீவுச் சந்தியில் இறங்கி அம்பாறை வீதியில் போகும் பஸ்ஸைப் பிடிக்கவேண்டும். அடுத்த மாதச் சம்பளம் வரட்டும்.