யு.ஜி.சி. நெட் பொருளாதாரம்: மூன்றாவது முறை என்னைக் காப்பாற்றிய ஒரு நோட்டு

போன வாரம் ரிசல்ட் வந்தது. கல்லூரி ஆசிரியர் வேலைக்கும் ஆராய்ச்சிக்குமான நெட் தகுதித் தேர்வில் ஜே.ஆர்.எஃப்., அதாவது ஆராய்ச்சி உதவித்தொகை, கிடைத்துவிட்டது. இது மூன்றாவது முயற்சி. மார்க்கை நாலு தடவை திறந்து பார்த்த பிறகுதான் அம்மாவை எழுப்பினேன். விடியற்காலை காசிமேட்டுக்கு மீன் எடுக்கக் கிளம்ப வேண்டியவர், அதற்கப்புறம் தூங்கவே இல்லை. மனசு ஆறுவதற்குள் இதை எழுதிவிட வேண்டும் என்று உட்கார்ந்திருக்கிறேன்.

எல்லாருக்கும் பொதுவான பேப்பர் ஒன்றைப் பற்றி என்னிடம் புதிதாக எதுவும் இல்லை. பழைய கேள்வித்தாள்கள் போதும். பொருளாதாரம் கேட்கும் பேப்பர் இரண்டில்தான் இரண்டு முறை விழுந்தேன். அதிலும் குறிப்பாகக் கால வரிசைக் கேள்விகளில், நூலையும் ஆசிரியரையும் பொருத்தும் கேள்விகளில். கணக்கு கஷ்டம் என்று எல்லோரும் சொல்வார்கள். எனக்குக் கணக்கு வந்தது, வருடம் வரவில்லை.

முதல் இரண்டு முறையும் ஒரு கோச்சிங் சென்டரில் கொடுத்த ஜெராக்ஸ் தாளை நம்பினேன். பெயர், நூல், வருடம் என்று பத்துப் பதினைந்து பக்கம். மனப்பாடம் செய்தால் போதும் என்றார்கள். கொருக்குப்பேட்டை ரயில்வே கேட் மூடியிருக்கும் நேரத்தில்கூட அதைத்தான் படித்தேன். ஹாலில் உட்கார்ந்ததும் வளர்ச்சிப் பொருளியலாளர்களான ரோசன்ஸ்டைன்-ரோடானும் நர்க்ஸும் ஹிர்ஷ்மனும் ஒருவர் இடத்தில் ஒருவர் போய் உட்கார்ந்துகொண்டார்கள். இரண்டாவது முறை வெளியே வந்து பஸ் ஸ்டாப்பில் அழுதேன். அந்தத் தாளின் மேல் எனக்கு இன்னும் கோபம் இருக்கிறது.

மூன்றாவது முறை நான் மாற்றியது ஒன்றே ஒன்றுதான். ஒரு நோட்டுப் போட்டேன். வருடம், பெயர், நூல், நாலாவதாக ஒரு பத்தி: "யாருக்குப் பதில் சொல்கிறார்?" இந்த நாலாவது பத்திதான் என்னைத் தேர்ச்சி பெற வைத்தது.

ரோடான் 1943-இல் எல்லாத் தொழில்களிலும் ஒரே நேரத்தில் முதலீடு செய்து ஒன்றாக முன்னே தள்ள வேண்டும் என்கிறார். நர்க்ஸ் 1953-இல் அதையே வறுமையின் நச்சு வட்டத்தோடு (வறுமையால் சேமிப்பு இல்லை, சேமிப்பு இல்லாததால் மறுபடி வறுமை) சேர்த்து, சமநிலை வளர்ச்சி என்று விரிக்கிறார். அவ்வளவுக்கும் ஏழை நாட்டிடம் ஏது வளம் என்று 1958-இல் ஹிர்ஷ்மன் மறுக்கிறார். மறுப்பவர் பின்னால்தான் வர முடியும். இது புரிந்த பிறகு இந்த மூவரும் எனக்கு இடம் மாறவே இல்லை. கெய்ன்ஸின் 1936 நூல், அளிப்பே தனக்கான தேவையை உருவாக்கும் என்ற சேயின் விதிக்குப் பதில். ஒரு நாடு தன்னிடம் மிகுதியாக உள்ள வளத்தால் செய்த பொருளை ஏற்றுமதி செய்யும் என்ற ஹெக்ஷர்-ஒலின் கோட்பாட்டை லியோன்டிஃபின் 1953 கட்டுரை சோதித்தது. லூயிஸ் 1954-இல் கிராமத்து உபரி உழைப்பை நகரத் தொழில் இழுத்துக்கொள்ளும் என்றார். அப்படியானால் நகரத்தில் வேலை இல்லை என்று தெரிந்தும் ஏன் வந்துகொண்டே இருக்கிறார்கள் என்று 1970-இல் ஹாரிஸும் டொடாரோவும் கேட்டார்கள். எங்கள் தெருவில் வாடகைக்கு வந்துபோகும் குடும்பங்களைப் பார்த்தவர்களுக்கு அந்தக் கட்டுரையை யாரும் விளக்க வேண்டியதில்லை.

இதற்கு மூல நூல்களைக் கொஞ்சமாவது தொட வேண்டும். முழுதாகப் படிக்க நேரமில்லை, சரி. முன்னுரையும் முதல் அத்தியாயமும் படியுங்கள். தன் சண்டை யாரோடு என்பதை ஆசிரியர் பெரும்பாலும் அங்கேயே சொல்லிவிடுவார். பிக்கெட்டியின் 'கேப்பிடல்' தலையணை கனம் இருக்கும். ஆனால் அதன் முன்னுரை மட்டும் படித்தால் மால்தஸ், ரிக்கார்டோ, மார்க்ஸ், குஸ்நெட்ஸ் என்று வரிசையாக நிறுத்திப் பேசுகிறார். பாதி சிந்தனை வரலாறு அதிலேயே முடிகிறது. வளர்ச்சியில் ஏற்றத்தாழ்வு முதலில் கூடி, பிறகு தானாகக் குறையும் என்பது குஸ்நெட்ஸ் 1955-இல் சொன்னது. அந்தக் கட்டுரையில் 5 சதவீதம்தான் தரவு, 95 சதவீதம் ஊகம் என்று அவரே எழுதியிருக்கிறார். கைடுகள் வளைகோட்டை மட்டும் வரைந்துவிட்டு இந்த வரியை விட்டுவிடுகின்றன. இன்னொன்று: பிக்கெட்டியின் நூல் பிரெஞ்சில் 2013, ஆங்கிலத்தில் 2014. இரண்டையும் குறித்து வையுங்கள்.

அமர்த்தியா சென்னின் 'பாவர்ட்டி அண்ட் ஃபேமின்ஸ்' (1981) பற்றிச் சொல்லாமல் போக மாட்டேன். வட சென்னையில் எங்கள் பக்கம் ஸ்டான்லி அரசு மருத்துவமனையைப் பெரியவர்கள் இன்றைக்கும் கஞ்சித்தொட்டி ஆஸ்பத்திரி என்றுதான் சொல்வார்கள். ஆயா "கஞ்சித்தொட்டிக்குப் போயிட்டு வரேன்" என்று சொல்லும்போதெல்லாம் அது ஏதோ பழைய பெயர் என்று விட்டிருந்தேன். 1782 பஞ்சத்தில் கஞ்சி ஊற்றிய மணியக்காரர் சத்திரத்திலிருந்து வந்த பெயர் அது. அமர்த்தியா சென்னின் நூலைப் படிக்கும்போதுதான் அந்தப் பெயர் எனக்கு உறைத்தது. வங்காளத்தில் 1943-இல் இருந்த உணவு, பஞ்சம் வராத 1941-ஐவிட ஏறத்தாழ 13 சதவீதம் அதிகம் என்று அவர் காட்டுகிறார். அரிசி இருந்தது, வாங்கும் உரிமை இல்லை. உணவு குறைந்ததால்தான் பஞ்சம் என்ற பழைய விளக்கத்துக்கு அது பதில். 1876-78 சென்னை மாகாணப் பஞ்சத்திலும் தானியம் ஏற்றுமதியாகிக்கொண்டுதான் இருந்தது. நிவாரண வேலைக்கு ஆங்கிலேய அதிகாரி ரிச்சர்ட் டெம்பிள் நிர்ணயித்த கூலி, ஒரு ஆளுக்கு நாளைக்கு ஒரு பவுண்டு தானியமும் ஓரணாவும். பக்கிங்காம் கால்வாயில் கூவத்தையும் அடையாற்றையும் இணைக்கும் பகுதி அப்படி வெட்டியதுதான். இதற்கு நேரடியாகக் கேள்வி வராமல் போகலாம். ஆனாலும் பிரிட்டிஷ் ஆட்சியில் இந்தியா ஏழையானதைப் பேசும் நவரோஜியின் 1901 நூலும், ரமேஷ் சந்திர தத்தின் 1902, 1904 தொகுதிகளும் எனக்கு ஒட்டியது இதனால்தான். முன்பு அவை வெறும் எண்கள்.

பொருளியலாளர் ஆல்ஃப்ரட் மார்ஷலும் அப்படித்தான். 1890-இல் அவர் குறுகிய காலம், நீண்ட காலம் என்று பிரித்துக் காட்ட எடுத்த உதாரணமே மீன் சந்தை. நாளுக்கு நாள் விலை வானிலையைப் பொறுத்தது, போகப்போகப் படகும் ஆளும் கூடும், விலை வேறு மாதிரி நிற்கும் என்கிறார். அம்மா ஏலத்தில் நின்றுகொண்டு, "இன்னிக்குப் படகு கம்மி, ரேட்டு ஏறும்" என்பார். ஏப்ரல் 15 முதல் 61 நாள் தடைக்காலம். என் ஜூன் தேர்வுப் படிப்பெல்லாம் அந்த நாட்களில்தான், வீட்டில் காசு கம்மியாக இருக்கும்போது. விலை ஏறினாலும் சரக்கு கூடாமல் அளிப்பு வளைகோடு செங்குத்தாக நிற்பது எப்படி என்று எனக்குப் படம் தேவைப்படவில்லை.

நான் படித்த வரிசை (கதை இல்லாமல் எதுவும் மண்டையில் நிற்காதவர்களுக்கு மட்டும், மனப்பாடம் வருபவர்கள் இதை விட்டுவிடலாம்):

- தமிழ்நாடு பாடநூல் கழகத்தின் பதினொன்று, பன்னிரண்டு பொருளியல். வெட்கப்பட வேண்டாம்.
- ஹைல்ப்ரோனரின் 'தி வேர்ல்ட்லி ஃபிலாசஃபர்ஸ்'. இதைத் தொடக்கத்திலேயே படியுங்கள், கடைசியில் அல்ல.
- மைக்ரோவுக்கு (நுண்பொருளியல்) வேரியன். ஒரு சிலரே விற்பவர்களாக இருக்கும் சந்தை (ஆலிகோபொலி) மாதிரிகளுக்கு மட்டும் கௌட்சோயியானிஸ்.
- வளர்ச்சிக்கு தேப்ராஜ் ரே. ஏற்றத்தாழ்வு அத்தியாயங்களை இரண்டு முறை. ஏற்றத்தாழ்வை அளக்கும் லாரன்ஸ் வளைகோடு, கினி கெழு இரண்டையும் கையால் போட்டுப் பாருங்கள்.
- பன்னாட்டு வாணிபத்துக்கு சால்வடோர். மூர் மார்க்கெட்டில் பழைய பதிப்பு 150 ரூபாய்க்குக் கிடைத்தது. தேர்வுக்கு அது போதும்.
- எகனாமெட்ரிக்ஸுக்கு (பொருளாதார அளவையியல்) குஜராத்தியின் நூல். முழுதும் வேண்டாம்.
- அட்கின்சனின் 2015 நூல், நேரமிருந்தால். தீர்வு என்ன என்று பேசுவதால் பிக்கெட்டியைவிட எனக்கு அதுதான் பிடித்தது.

தமிழ் வழியில் படித்து வருபவர்களுக்குத் தனியாக ஒன்று. கேள்வித்தாள் ஆங்கிலத்திலும் இந்தியிலும்தான் வரும். 'நெகிழ்ச்சி' நமக்கு நன்றாகத் தெரியும், 'எலாஸ்டிசிட்டி' என்று திரையில் பார்த்ததும் ஒரு நொடி நின்றுவிடுவோம். நூறு கேள்வியில் அந்த நொடிகள் சேர்ந்தால் சில நிமிடங்கள் போய்விடும். நான் முதல் முறை கடைசி ஏழு கேள்விகளைப் படிக்காமலே குத்தினேன். நோட்டின் பின்பக்கத்திலிருந்து தமிழ்ச் சொல், ஆங்கிலச் சொல் என்று எழுதிக்கொண்டு வாருங்கள். எனக்கு அது 340 சொல் ஆனது. தேர்வுக்கு முந்தைய வாரம் புதிதாக எதையும் தொடவில்லை, இந்த நோட்டை மட்டும் இரண்டு பக்கத்திலிருந்தும் புரட்டினேன்.

டிசம்பர் தேர்வு எழுதுபவர்கள் இன்றைக்கே நோட்டுப் போடுங்கள். முதல் வரியில் 1776 போட்டு ஆடம் ஸ்மித்தை எழுதி, நாலாவது பத்தியில் வணிகவாதிகளுக்கு (தங்கமும் வெள்ளியும் சேர்ப்பதே நாட்டின் செல்வம் என்றவர்களுக்கு) பதில் என்று எழுதுங்கள். அடுத்தது 1798, மால்தஸ்.