ஊமைவெள்ளியைத் தோண்டியவர்கள்

“இதைத் தோண்டினவங்க எல்லாம் எங்கே போனாங்க அண்ணா?” என்று எங்கள் குழுவின் ஓவியர் கேட்டார். “இது கற்பனை உலகம்தானேம்மா” என்றேன். அந்தப் பதிலோடு கூட்டம் முடிந்தது. நாங்கள் உருவாக்கிய வீடியோ விளையாட்டு வெளியாகி நன்றாகவே போய்க்கொண்டிருக்கிறது. அந்தப் பதில்தான் இன்னும் என்னை விட்டபாடில்லை.

எங்கள் உலகத்தின் மிக அபூர்வமான உலோகம் ஊமைவெள்ளி. அது ஓசையை விழுங்கும். அதில் வார்த்த காலணியை அணிந்தவர் காய்ந்த சருகின் மேல் நடந்தாலும் சத்தம் எழாது. அதில் செய்த மணியை அடித்தால் சுற்றியுள்ள ஓசையெல்லாம் சற்று நேரம் அடங்கிவிடும். பொருட்களின் பட்டியலில் எடை, விலை, அபூர்வம், விளைவு என்று கட்டங்கள் இருக்கும். கடைசிக் கட்டத்தில் இரண்டு வரிக்குள் கதைக்குறிப்பு எழுத வேண்டும். “முன்னோர் கைவிட்ட சுரங்கங்களில் கிடைப்பது” என்று நான் எழுதியிருந்தேன். யார் கைவிட்டார்கள், ஏன் கைவிட்டார்கள் என்பதற்கெல்லாம் இரண்டு வரியில் இடம் ஏது?

அந்த ஓவியர் சுரங்க வாயிலை வரைந்து கொண்டுவந்தபோது, பக்கச் சுவரில் ஆணிகள் வரிசையாக அடிக்கப்பட்டு, ஒவ்வொன்றிலும் எண் பொறித்த வட்டமான பித்தளை வில்லை தொங்கியது. கீழே இறங்குபவர் எடுத்துச் சென்று, ஏறி வந்ததும் மாட்டிவிட வேண்டிய வில்லை அது. சில ஆணிகள் வெறுமையாக இருந்தன. அவருடைய தாத்தா கோலார் தங்கவயலில் வேலை பார்த்தவர் என்பது அன்றுதான் எனக்குத் தெரிந்தது. கம்பியால் மேற்பாறையைத் தட்டி, எழும் சத்தத்தை வைத்தே பாறை பிடிப்பாக இருக்கிறதா, விழப்போகிறதா என்று சொல்லிவிடுவாராம். “ஊமைவெள்ளி இருக்கிற சுரங்கத்துல பாறை பேசுறது எப்படிக் கேட்கும்?” என்று ஓவியர் கேட்டதை, கதைக்கு ஏற்ற நல்ல யோசனை என்ற அளவில்தான் அப்போது எடுத்துக்கொண்டேன்.

2001 பிப்ரவரியில் மூடப்படும்வரை, நூற்றாண்டுக்கும் மேலாகக் கோலாரில் தங்கம் எடுத்திருக்கிறார்கள். சுரங்கம் 3 கிலோமீட்டருக்கும் கீழே போனது. அந்த ஆழத்தில் பாறையே கடும் சூடாக இருக்கும். அழுத்தம் தாங்காமல் பாறை தானாக வெடித்துச் சிதறும். இறங்கியவர்களில் பெரும்பாலோர் வட ஆற்காட்டுப் பக்கத்திலிருந்து போன தமிழர்கள். கல்தூசியைச் சுவாசித்து நுரையீரல் இறுகிப்போகும் சிலிக்கோசிஸ் அவர்களில் பலரைத் தின்றது. விளையாட்டில் சேர்க்கலாம் என்று ஓவியர் முன்வைத்த கற்பனை ஊர் அங்கிருந்து வந்ததுதான். ஊமைவெள்ளியின் தூசியைச் சுவாசித்துச் சுவாசித்து மெல்லக் குரலை இழந்த மனிதர்களின் ஊர் அது. ஆட்டக்காரர் அந்த ஊரைக் கடந்தால்தான் உலோகம் கைக்கு வரும்.

அந்த ஊரை நான் யோசிக்காமல் நீக்கிவிடவில்லை. மாதிரிப் பதிப்பில் சேர்த்துச் சிலரை ஆடவைத்துப் பார்த்தோம். சிலர் காலணி கிடைத்த கையோடு அதை விற்றுவிட்டார்கள். பலர் ஊராரின் சைகை உரையாடலைப் படிக்காமலே தாண்டிப் போனார்கள். அலுவலகம் முடிந்து களைத்து வந்து அரைமணி நேரம் ஆடுபவருக்கு, பாடுபட்டுக் கிடைத்த பரிசே தண்டனையாக மாறக் கூடாது என்று அன்று வாதிட்டேன். அதை இப்போதும் நம்புகிறேன். இன்னொரு காரணமும் உண்டு. ஒரு தலைமுறையின் நோயை எடுத்து விளையாட்டில் வேகத்தையும் வலிமையையும் குறைக்கும் புள்ளிக்கணக்காக மாற்றுவது அவர்களுக்குச் செய்யும் மரியாதையா என்ற கேள்வி. வலுவான காரணம்தான். ஆனால் அது கூட்டம் முடிந்து பல நாட்களுக்குப் பிறகே எனக்குத் தோன்றியது. அதை என் முடிவுக்கான காரணங்களில் சேர்த்துக்கொள்ளலாமா என்று தெரியவில்லை.

கற்பனை உலகம் என்பது போதுமான பதில் இல்லை என்பதற்கு இந்த வகைக் கதைகளே சாட்சி. ஆங்கில எழுத்தாளர் டோல்கீனின் கதைகளில் வரும் மித்ரில் என்ற அபூர்வ உலோகம், மோரியா என்ற குள்ளர்களின் சுரங்க நகரில் கிடைத்தது. அதைத் தேடி மேலும் மேலும் ஆழமாகத் தோண்டியதால்தான் குள்ளர்கள் பால்ராக் என்ற நெருப்புப் பூதத்தை எழுப்பிவிட்டார்கள். அங்கே தோண்டியவர்களும் உலோகத்துக்கு உரியவர்களும் ஒரே இனத்தார். விலையையும் அவர்களே கொடுத்தார்கள். எங்கள் விளையாட்டில் எடுத்துக்கொள்பவர் ஆட்டக்காரர், தோண்டியவர் வேறு யாரோ. உண்மை உலகத்திலும் அபூர்வம் என்பது உலோகத்தின் குணம் மட்டும் அல்ல. பூமியின் மேலோட்டில் மிக அதிகமாக உள்ள உலோகம் அலுமினியம். ஆனாலும் 1884இல் வாஷிங்டன் நினைவுத்தூணின் உச்சியில் வைத்தபோது அது ஏறக்குறைய வெள்ளியின் விலைக்கு விற்றது. 1886இல் மின்னாற்பகுப்பு முறையில் அதைப் பிரித்தெடுக்க வழி பிறந்தபின் விலை சரிந்தது. பிரித்தெடுக்கும் உழைப்பில் இருந்த அருமையை உலோகத்தின் மேல் ஏற்றிப் பார்த்திருக்கிறார்கள். ஊமைவெள்ளிக்கு நேராக ‘மிக அபூர்வம்’ என்று குறித்தபோது நானும் அதையேதான் செய்தேனோ?

ஓவியர் இப்போது வேறு இடத்தில் பணிபுரிகிறார். அந்த வில்லைகளைப் படத்திலிருந்து நீக்கச் சொல்ல எனக்கு மனம் வரவில்லை. அவை என்ன என்று எங்கும் எழுதவும் இல்லை. அடுத்த பாகத்தில் அந்த ஊரைக் கொண்டுவரலாமா என்று குழுவில் கேட்கிறார்கள். எழுதிப் பார்க்கிறேன், எழுதியவரையில் ஊரார் எல்லோரும் பரிதாபத்துக்குரியவர்களாகவே வந்து நிற்கிறார்கள். தாத்தாவைப் பற்றிச் சொன்னபோது ஓவியரின் பேச்சில் இருந்ததோ பெருமை. ஆகவே, ஓசையே இல்லாத சுரங்கத்தில் பாறையின் அதிர்வை உள்ளங்கையால் அறிந்து சொல்லும் ஒரு மூத்த தொழிலாளியை இப்போது எழுதிக்கொண்டிருக்கிறேன். அந்தத் திறமையை ஆட்டக்காரர் பெறக்கூடிய சக்தியாக மாற்றித் தரும்படி குழு கேட்கிறது. மாற்றினால், ஊமைவெள்ளியைப் போலவே அதுவும் உரியவரை விட்டுவிட்டு ஆட்டக்காரரின் பைக்குள் போய்விடும். மாற்றாவிட்டால், அந்தக் கிழவர் பேசுவதையும் எல்லோரும் தாண்டித்தான் போவார்கள்.