உப்பை எப்படிப் படம் பிடிப்பது?

ஒரத்துப்பாளையம் அணைக்குப் போகிற வழியெல்லாம் நுரையைத்தான் நினைத்துக்கொண்டு போனேன். நொய்யல் ஆற்றைப் பற்றிய ஆவணப்படம் என்றால் நுரையும் நிறம் மாறிய தண்ணீரும் வேண்டுமே. விடிவதற்கு முன்பே சென்னிமலையிலிருந்து கிளம்பி, அணைக்குக் கீழே கேமராவை நிறுத்தி இரண்டு மணி நேரம் எடுத்தேன்.

வெள்ளியங்கிரி மலையில் பிறந்து, கோவை, திருப்பூர் வழியாக வந்து, கரூர் மாவட்டத்தில் காவிரியில் சேர்கிற ஆறு. 1992இல் பாசனத்துக்கென்று கட்டிய அணை. வந்து நிறைந்ததோ திருப்பூர் சாயப்பட்டறைகளின் கழிவு. கடைசியில், அணையில் தண்ணீர் தேக்காதீர்கள் என்று விவசாயிகளே போராட வேண்டியதாயிற்று. அதை நினைத்தால் இப்போதும் மனசு ஆறவில்லை.

பக்கத்துத் தோட்டத்து ஆத்தா மோர் கொடுத்தார்.

"எதைக் கண்ணு படம் புடிச்சே?"

நுரையை என்றேன்.

"நுரை இன்னைக்கு வரும், நாளைக்குப் போயிரும். உப்பைப் புடிச்சியா?"

அந்தக் கேள்விக்கு என்னிடம் பதில் இல்லை. பருத்தித் துணியில் சாயம் ஏற உப்புப் போட வேண்டும். சாயம் துணியில் தங்கும். உப்பு தண்ணீரோடு வெளியே வந்துவிடும். சுண்ணாம்பும் பெர்ரஸ் சல்பேட் என்கிற ரசாயனமும் போட்டு நிறத்தை எடுத்துவிடலாம், உப்பு மட்டும் போகாது. இதெல்லாம் படித்துத் தெரிந்ததுதான். ஆனாலும் காலையில் கேமராவை நிறத்தின் பக்கமே திருப்பியிருந்தேன். 2011 ஜனவரியில் சென்னை உயர் நீதிமன்றம் சாயப்பட்டறைகளை மூடச் சொன்னது. கழிவை வெளியே விடாமல் சுத்திகரித்து மறுபடி பயன்படுத்தினால்தான் திறக்கலாம் என்றானது. அது பெரிய வெற்றி, சந்தேகமில்லை. ஆனால் அதற்குள் மண்ணில் இறங்கிவிட்ட உப்பு?

ஆத்தா கிணற்றுக்குக் கூட்டிப்போனார். வழியில் வரப்போரம் உப்பு வெள்ளையாகப் பூத்திருந்தது. அதையும் எடுத்தேன். ஆனால் வெயிலில் அது வெறும் புழுதி மாதிரிதான் தெரிந்தது. கிணற்றுத் தண்ணீரோ கண்ணாடி போல இருந்தது. எந்தக் கேமராவும் அதை நல்ல தண்ணீர் என்றே காட்டும். ஒரு வாய் குடித்தேன், கரித்தது. தொண்டைக்குள் இறங்கவில்லை.

"இதுல பருப்பு வேகாது கண்ணு" என்றார், சாதாரணமாக.

வேக வைத்துக் காட்ட முடியுமா என்று கேட்டேன். சரி என்று விறகடுப்பில் இரண்டு சட்டி வைத்தார். ஒன்றில் குழாய்த் தண்ணீர், இன்னொன்றில் கிணற்றுத் தண்ணீர். இரண்டிலும் ஒரு கை துவரம்பருப்பு. கேமராவைத் தரையோடு தரையாக வைத்துவிட்டு அவர் பக்கத்தில் உட்கார்ந்தேன்.

குழாய்த் தண்ணீர்ச் சட்டியில் பருப்பு மலர்ந்து குழைந்தது. ஆத்தா அதை இறக்கி வைத்தார். அப்புறம் கிணற்றுத் தண்ணீர்ச் சட்டியிலிருந்து ஒரு பருப்பை எடுத்து விரலிடுக்கில் நசுக்கினார். நசுங்கவில்லை. இன்னொரு விறகைத் தள்ளினார்.