செவ்வாய்க்கிழமை டியூவும் என் மாவு கிரைண்டரும்

மதுரை செல்லூரில் வீட்டிலேயே இட்லி மாவு அரைத்து நாலு கடைக்கும் ஒரு மெஸ்ஸுக்கும் போடுகிறேன். பெரிய கிரைண்டர் வாங்கத்தான் முதன்முதலில் ஒரு மைக்ரோ ஃபைனான்ஸ் கம்பெனியில் குழுக் கடன் எடுத்தேன். நகை கேட்கவில்லை, பத்திரம் கேட்கவில்லை, ஆதாரும் பத்துப் பெண்கள் ஒருத்தருக்கொருத்தர் ஜாமீன் போட்ட கையெழுத்தும் போதும், ஒரே வாரத்தில் பணம் வந்துவிட்டது. வங்கிக்கு இரண்டு மாதம் நடந்தும் கிடைக்காத பணம் அது. அந்தக் கிரைண்டர் இல்லாமல் தினம் 15 கிலோ அரிசி போட்டிருக்கவே முடியாது.

ஆனால் 40,000 என்று எழுதிவிட்டு, பிடித்தம் போகக் கையில் தந்தது 38,500. செவ்வாய்தோறும் 500 ரூபாய் டியூ, 104 வாரம், ஆக 52,000. "வருஷத்துக்குப் பதினஞ்சு பெர்சன்ட்தான்க்கா" என்றார் வசூலுக்கு வரும் தம்பி. அசல் குறையக் குறைய வட்டியும் குறைய வேண்டும் இல்லையா, அப்படிக் கணக்குப் போட்டால் 25 சதவீதத்தைத் தாண்டுகிறது. ப்ளஸ் டூ படிக்கும் என் மகள்தான் போட்டுக் காட்டினாள்.

வட்டிகூடப் பரவாயில்லை, அந்தக் கிழமைதான் என்னைப் படுத்தியது. கடைக்காரர்கள் பதினைந்து நாளைக்கு ஒருமுறைதான் கணக்கு முடிப்பார்கள், டியூவோ செவ்வாய் தவறாமல் வந்துவிடும். சித்திரை வெயிலில் மாவு புளித்துத் திரும்பி வந்த வாரமும் அதே 500. குழுவில் ஒருத்தி கட்டாவிட்டால் மற்றவர்கள் போட்டு நிரப்பும்வரை யாரும் எழுந்து போக முடியாது. ஒரு நாள் இரவு எட்டு மணிக்கு வசூல் ஆட்கள் வாசலில் வந்து நின்று, தெருவே கேட்கிற மாதிரி பேசினார்கள். அந்த அவமானத்தில் இன்னொரு கம்பெனியில் கடன் வாங்கி இதைக் கட்டினேன், அதுதான் நான் செய்த பெரிய தப்பு.

அப்புறம்தான் இந்த மைக்ரோ ஃபைனான்ஸ் கடன்களுக்கு ரிசர்வ் வங்கி போட்ட 2022 விதிகள் தெரியவந்தன. குடும்பத்தின் எல்லாக் கடன் தவணையும் சேர்ந்து மாத வருமானத்தில் பாதியைத் தாண்டக் கூடாது. மாலை ஆறு மணிக்குமேல் வசூலுக்கென்று தொந்தரவு செய்யக் கூடாது. முன்கூட்டியே கட்டி முடித்தால் அபராதம் கிடையாது.

இந்தக் கடைசி விதிதான் எனக்குக் கைகொடுத்தது. பன்னிரண்டு பேர் சேர்ந்து மகளிர் குழு ஆரம்பித்து, ஆறு மாதம் ஒழுங்காகச் சேமித்து, வங்கியில் குழுக் கடன் வாங்கி இரண்டையும் அடைத்தேன். புல்லுச்சேரி சின்னப்பிள்ளை அம்மா களஞ்சியம் என்ற பெண்கள் சேமிப்புக் குழுக்களை வளர்த்த மதுரையில் இருந்துகொண்டு, சேமிப்பில் தொடங்காமல் கடனில் தொடங்கிவிட்டேனே என்று இப்போதும் மனசு அடித்துக்கொள்கிறது.

இப்போது மாதம் ஒரே தவணை, 5-ஆம் தேதி. கடைக்காரர்கள் 1-ஆம் தேதியே பணம் தந்துவிடுகிறார்கள்.