எல்இடி டிரைவருக்கு ஈஎம்ஐ (மின்காந்த இரைச்சல்) ரிப்போர்ட் வாங்கிய கதை

கோவையில் எல்இடி விளக்குகளுக்கு டிரைவர் (வீட்டு மின்சாரத்தை விளக்குக்கு ஏற்றபடி மாற்றித் தரும் சர்க்யூட்) செய்யும் சின்னப் பட்டறை எங்களுடையது. உள்ளூர் விற்பனைக்குப் பாதுகாப்புச் சோதனை முடித்து பிஐஎஸ் (இந்தியத் தர நிர்ணய அமைப்பு) பதிவு வாங்கினால் போதும். ரேடியோ இரைச்சலைப் பற்றி இதுவரை ஒரு கடைக்காரரும் கேட்டதில்லை. ஜெர்மனிக்கு 20 வாட் டிரைவர் அனுப்பப் பேசும்போதுதான் ஈஎன் 55015 ரிப்போர்ட் வேண்டும் என்றார்கள். விளக்குகள் கிளப்பும் ரேடியோ இரைச்சலுக்கு வரம்பு வைக்கும் ஐரோப்பியத் தரம் அது.

டிரைவருக்குள் மாஸ்ஃபெட் என்ற மின்னணு சுவிட்ச் 65 கிலோஹெர்ட்ஸில் ஆன்-ஆஃப் ஆகிக்கொண்டிருக்கிறது. அந்த அதிர்வெண்ணும் அதன் மடங்குகளும் எல்லாம் இரைச்சலாகக் கரண்ட் ஒயர் வழியாக வீட்டு வயரிங்கில் ஏறும். அளவீடு 9 கிலோஹெர்ட்ஸிலேயே தொடங்கினாலும் 150க்குக் கீழே வரம்பு தாராளம். அதற்கு மேலேதான் கெடுபிடி. மாஸ்ஃபெட்டை இயக்கும் பல ஐசிக்கள் 65-ல் ஓடுவதே, இரண்டாம் மடங்கான 130 அந்தக் கோட்டுக்குள் அடங்கிவிடும் என்பதற்காகத்தான். மாட்டுவது மூன்றாம் மடங்கு, 195. அங்கே குவாசி-பீக் வரம்பு சுமார் 64 டெசிபல் மைக்ரோவோல்ட் (இரைச்சல் மின்னழுத்தத்தின் அளவு). 500 கிலோஹெர்ட்ஸில் அது 56 ஆகிறது. (குவாசி-பீக் என்பது ரேடியோ கேட்பவர் காதுக்கு இரைச்சல் எவ்வளவு தொந்தரவு என்பதை ஒட்டிய கணக்கு. இந்த வரம்புகளை வகுக்கும் சிஸ்பர் குழு 1934-ல் உருவானதே வானொலியைக் காக்கத்தான்.)

லேபில் எங்கள் கிராஃப் இரண்டு இடத்தில் கோட்டைத் தாண்டியது: 195-ல் ஒரு கூர்முனை, 10 மெகாஹெர்ட்ஸுக்கு மேல் அகலமான ஒரு மேடு. முதலாவது எளிது. லைனுக்கும் நியூட்ரலுக்கும் இடையே இருந்த எக்ஸ் கெப்பாசிட்டரை 0.1-லிருந்து 0.22 மைக்ரோஃபாரட் ஆக்கியதும் இறங்கிவிட்டது. பவர் ஃபேக்டர் (இழுக்கும் மின்சாரம் எவ்வளவு பயனாகிறது என்ற அளவு) கொஞ்சம் குறையும், அதையும் பார்த்துக்கொள்ள வேண்டும்.

மேடுதான் படுத்தியது. இரண்டு ஒயரிலும் ஒரே திசையில் ஓடும் இரைச்சலைத் தடுக்கும் காமன் மோட் சோக் என்ற சுருளைப் பெரிதாக்கியும் பெரிய மாற்றமில்லை. மின்சாரப் பக்கத்துக்கும் விளக்குப் பக்கத்துக்கும் இடையே உள்ள ஒய் கெப்பாசிட்டரை ஏற்றலாம் என்றால், விளக்கின் அலுமினிய உடம்பில் கசிவு மின்சாரம் கூடும். பாதுகாப்புச் சோதனை போய்விடும். லேபில் இருந்த பொறியாளர்தான், "சார், ஃபில்டரை விடுங்க. சத்தம் எங்கிருந்து கிளம்புதுன்னு பாருங்க" என்றார். அது டிரான்ஸ்ஃபார்மருக்குள் பிரைமரியிலிருந்து (மின்சாரம் வரும் பக்கச் சுருள்) செகண்டரிக்கு (விளக்குக்குப் போகும் பக்கச் சுருள்) தாவிக்கொண்டிருந்தது. இரண்டுக்கும் நடுவே ஒரு சுற்றுச் செப்புத் தகடு வைத்து, அதை பிரைமரி கிரவுண்டில் சேர்த்தோம். தகட்டின் இரு முனையும் ஒன்றையொன்று தொடவே கூடாது, நடுவே டேப் ஒட்ட வேண்டும். தொட்டால் ஷார்ட் ஆன சுற்றாகி டிரான்ஸ்ஃபார்மரே சூடேறிவிடும். டிரான்ஸ்ஃபார்மருக்குக் கம்பி சுற்றும் பெண்களுக்கு இதைப் பழக்குவதற்குக் கொஞ்சம் நாளானது.

லேப் கட்டணம் மணிக்கணக்கில் ஓடுவதால், பாதி வேலையைப் பட்டறையிலேயே முடித்தோம். கரண்ட் ஒயரில் ஏறும் இரைச்சலைப் பிரித்தெடுக்கும் ஒரு லிஸ்ன் பெட்டியும், அதை அதிர்வெண் வாரியாகக் காட்டும் பழைய ஸ்பெக்ட்ரம் அனலைசரும் இருந்தால் லேப் எண்ணுக்கு ஓரளவு பக்கத்தில் வந்துவிடலாம். அவசரத்துக்கு மீடியம் வேவ் ரேடியோவைப் பக்கத்தில் வைத்தாலே மாற்றம் காதில் விழும்.

விளக்கைச் சுற்றிப் பரவும் காந்தப்புலத்தை அளக்கும் வளைய ஆன்டெனா சோதனையும், 30 முதல் 300 மெகாஹெர்ட்ஸ் வரையிலான சோதனையும் சிரமமில்லாமல் முடிந்தன. ரிப்போர்ட்டில் மாடல் எண்ணும் போர்டு படமும் இருக்கும்; நாளைக்கு மலிவான சோக் ஒன்றை மாற்றிப் போட்டால் அது செல்லாக்காசு.

உள்ளூர் மாடலிலும் செப்புத் தகட்டை வைத்துவிட்டோம். எக்ஸ் கெப்பாசிட்டர் மட்டும் பழைய 0.1 தான், டீலர்கள் விலைக்கு ஒத்துவரவில்லை.