கண்காணிப்பாளர் இல்லாத அறை

இன்று காலைத் தேர்வு அறையில் மூன்று மணி நேரம் மேற்பார்வைப் பணி.

மூன்றாவது வரிசையில் ஒரு பெண். நான் அருகில் வரும்போதெல்லாம் விடைத்தாளைக் கையால் மூடிக்கொண்டாள். அவள் எதையும் பார்த்து எழுதவில்லை. என் காலடிச் சத்தமே அவளைக் குற்றவாளியாக்கிக்கொண்டிருந்தது.

கானா நாட்டு அஷேசி பல்கலைக்கழகம் நினைவுக்கு வந்தது.

அதை நிறுவிய பேட்ரிக் அவுவா 1985இல் 50 டாலரோடு அமெரிக்காவுக்குப் படிக்கப் போனவர். பிறகு மைக்ரோசாஃப்ட்டில் வேலை. மகன் பிறந்ததும் ஆப்பிரிக்காவைப் பற்றிய கவலை அவரை விடவில்லை. 1997இல் வேலையை விட்டார். அங்கேயே பெர்க்லி பல்கலைக்கழகத்தில் மேலாண்மை படித்துவிட்டு, 2002இல் கானாவின் தலைநகர் அக்ராவில் ஒரு வாடகை வீட்டில் 30 மாணவர்களோடு தொடங்கினார். அஷேசி என்றால் அக்கான் மொழியில் 'தொடக்கம்'.

பெரெகுசோ குன்றின் மேல் சொந்த வளாகம் 2011இல்தான் வந்தது. எனக்கு அதைவிடப் பெரிதாகப் படுவது 2008இல் தொடங்கிய ஒரு வழக்கம்.

காப்பியடிக்க மாட்டோம், அடிப்பவரைப் பார்த்துக்கொண்டு சும்மா இருக்கவும் மாட்டோம் என்று மாணவர்களே வாக்களித்து உறுதி ஏற்கிறார்கள். அப்படி ஏற்ற வகுப்புக்குத் தேர்வு அறையில் கண்காணிப்பாளர் கிடையாது.

ஊழலை எதிர்த்து மேடையில் பேசுவதைவிட இது பல மடங்கு கடினமான வேலை. இருபது வயதுப் பிள்ளைகளை நம்புவதற்கு எவ்வளவு துணிச்சல் வேண்டும்!

கடைசி அரை மணி நேரம் நான் நடக்கவில்லை. சன்னலோரம் நின்று வேப்பமரத்தைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

திரும்பியபோது அந்தப் பெண்ணின் கை விடைத்தாளை விட்டு விலகியிருந்தது.