பாதியில் அறுந்த பாடல்

1970களில் இலங்கையெங்கும் பரவிய தமிழ்ப் பொப் பாடல்களை நான் அறிந்தது, திருகோணமலை நகரில், கசற்றில் பாடல் பதிந்து கொடுக்கும் கடையான றெக்கோடிங் பார் ஒன்றில், அப்பா தாளில் எழுதிக் கொடுத்த வரிசைப்படி பதிந்து வாங்கிய 60 நிமிடக் கசற் ஒன்றின் மூலமாகத்தான். ஏ. ஈ. மனோகரனும் நித்தி கனகரத்தினமும் அதில் மாறி மாறிப் பாடினர். ஒரு பக்கத்தில் 30 நிமிடமே பதியலாம் என்பதால், முதற் பக்கத்தின் கடைசியில் ‘சின்ன மாமியே’ பாதியில் அறுந்துவிடும். பல ஆண்டுகளாக எனக்கு அப்பாடல் அந்த இடத்திலேயே முடிந்தது.

பின்னர் நடைபாதைக் கடைகளுக்கு, 150 பாடல்கள் அடங்கிய எம்.பி.3 இறுவட்டுகள் வந்தன. காதுக்கு எளிதில் எட்டாத ஒலிகளை எறிந்து, விநாடிக்கு 128 கிலோபிட் அளவுக்குச் சுருக்கினால் ஒரு நிமிட இசைக்கு ஏறத்தாழ ஒரு மெகாபைற் போதும். சுருக்காத இசை இறுவட்டில் அதே நிமிடத்துக்குப் பத்து மெகாபைற் வேண்டும். அனுமதியின்றி விற்கப்பட்ட அத்தொகுப்புகளால் பாடியவர்களுக்கு எதுவும் போய்ச் சேரவில்லை என்பதால், என்னிடமுள்ளவற்றை நான் எவருக்கும் பிரதி செய்து கொடுப்பதில்லை.

ஒலியில் எதையும் எறியாமல் சுருக்கும் இழப்பற்ற ஒலிக்கோப்புகளைச் சேர்க்கத் தொடங்கிய காலத்தில், நண்பர் ஒருவர் அதே பாடலை அவ்வகையான ஃபிளாக் (FLAC) கோப்பாகத் தந்தார். எந்தெந்த அதிர்வெண் ஒலிகள் அதில் உள்ளன என்று காட்டும் நிறமாலை வரைபடத்தை ஆவலோடு திறந்து பார்த்தேன். 16 கிலோஹேர்ட்ஸுக்கு மேல் கத்தியால் வெட்டியது போல வெறுமையாக இருந்தது. கசற்றில் உயர் ஒலிகள் மெல்ல மெல்லத் தேயுமே தவிர, இப்படி நேர்கோட்டில் நின்றுவிடுவதில்லை. குறைந்த அளவுக்குச் சுருக்கும் எம்.பி.3 மென்பொருள்கள் விட்டுச்செல்லும் தழும்பு அது. 2001இல் வெளிவந்த ஃபிளாக், தன்னிடம் ஒப்படைத்ததை ஒரு பிட்டும் குறையாமல் காக்கும். அதற்கு முன்பே எறியப்பட்டதை அதனால் மீட்டுத்தர இயலாது. எனவே எம்.பி.3 ஆக வந்ததை எம்.பி.3 ஆகவே வைத்திருக்கிறேன். அதைப் பெரிய கோப்பாக மாற்றி இழப்பற்றது என்று பெயரிடுவது, அடுத்து அதைப் பெறுபவருக்குச் செய்யும் துரோகம் என்றே கருதுகிறேன்.

அப்பாவின் கசற்றைச் சென்ற மாதம் கணினியில் ஏற்றினேன். கடற்காற்றும் ஈரமும் மிகுந்த ஊரில் நாடா பூஞ்சணம் பிடிக்காமல் இருந்ததே பெரிய காரியம். நாடாவை வாசிக்கும் ஒலித்தலையோடு அதை அணைத்துப் பிடிக்கும் அழுத்துபஞ்சு கழன்றிருந்தது. அதற்குப் பதிலாக வேறொரு கசற்றினுடையதைப் பொருத்தி, மேலொலிகள் தெளியும்வரை ஒலித்தலையின் சாய்வைத் திருகாணியால் சிறிது சிறிதாகச் சரிசெய்து, 24 பிட்டில் பதிந்தேன். ‘றெக்கோடிங் பார் பிரதி, 60 நிமிட நாடாவிலிருந்து’ என்று கோப்பின் குறிப்பில் எழுதினேன். அறுந்த பாடலின் மீதியை வேறு பிரதியிலிருந்து ஒட்டிவிடலாம் என்றார் நண்பர். ஒட்டவில்லை, முதற் பக்கம் இப்போதும் அதே சொல்லில்தான் நிற்கிறது.